பள்ளிக் கரும்பலகையில் ‘வரலாற்றில் இன்று’ எழுதுவது எப்படி?

உசிலம்பட்டிப் பக்கம் ஒரு அரசுப் பள்ளியில் வரலாறு நடத்துகிறேன். பிரேயருக்கு முன்னால் வாசல் பலகையில் ‘வரலாற்றில் இன்று’ எழுதுவது என் பொறுப்பு. புதிதாக இந்த வேலை தலையில் விழுந்திருக்கும் டீச்சர்களுக்கு இது உதவலாம்.

வாட்ஸ்அப்பில் காலையில் வந்து விழும் நீளப் பட்டியலை அப்படியே இறக்காதீர்கள், ஒருவரும் நின்று படிக்க மாட்டார்கள். மூன்று வரி போதும். அதில் ஒன்று, பிள்ளைகள் டவுன் பஸ்ஸில் போய்ப் பார்க்கக்கூடிய இடத்தில் நடந்ததாக இருக்கட்டும். மற்றதை அதற்குத் தோதாகத் தேடலாம்.

ஏப்ரல் 3-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். 1920-இல் அன்றுதான் பெருங்காமநல்லூரில், சில சாதிகளைப் பிறவிக் குற்றவாளிகளாக முத்திரை குத்திய ஆங்கிலேயரின் குற்றப் பரம்பரைச் சட்டத்தின்படி கைரேகை வைக்க மறுத்த மக்கள் மீது போலீஸ் சுட்டது. எங்கள் பிள்ளைகளில் சிலருக்கு அது அம்மாச்சி ஊர். 1973-இல் அதே தேதியில் மார்ட்டின் கூப்பர் நியூயார்க் தெருவில் நின்றபடி கைபேசியில் முதல் அழைப்பைப் பேசினார். 1984-இல் ராகேஷ் சர்மா சோயுஸ் விண்கலத்தில் கிளம்பினார். மூன்றையும் எழுதி அடியில் ஒரு கேள்வி போட்டேன்: “அன்று கைரேகை வைக்க மாட்டோம் என்றார்கள். இன்று போனைத் திறக்க நாமே விரலை வைக்கிறோம். என்ன வித்தியாசம்?” ஒன்பதாம் வகுப்பில் அன்றைக்கு வேறு பாடம் நடக்கவில்லை. கட்டாயப்படுத்திக் கேட்டது யார், எதற்காக என்று ஒரு பெண் பிடித்துக்கொண்டாள். அதே தேதியில் பிறந்த பாடகர், நடிகர் பெயரெல்லாம் கிடைக்கும், நான் சேர்ப்பதில்லை. துப்பாக்கிச் சூட்டுக்குப் பக்கத்தில் பிறந்தநாள் வாழ்த்து எழுத எனக்குக் கை வராது.

செப்டம்பர் 16 சுலபம். 1916-இல் மதுரையில் எம்.எஸ். சுப்புலட்சுமி பிறந்தார், 1923-இல் சிங்கப்பூரில் அந்நாட்டின் முதல் பிரதமர் லீ குவான் யூ. 1963-இல் சிங்கப்பூரையும் சேர்த்து மலேசியா உருவானதும் இதே நாள்தான். முதலில் ஆகஸ்ட் 31 என்று குறித்திருந்தார்கள், தள்ளிப்போய் லீயின் பிறந்தநாளில் வந்து நின்றது.

எல்லாமே இப்படித் தற்செயல் இல்லை. மதுரை நத்தம் ரோட்டில் கலைஞர் நூற்றாண்டு நூலகம் 2023 ஜூலை 15-இல் திறக்கப்பட்டது. அது காமராஜர் பிறந்தநாள். பார்த்து வைத்த நாளை ‘என்ன ஒற்றுமை!’ என்று எழுதினால் விவரமான பிள்ளைகள் சிரிப்பார்கள்.

அப்புறம் தேதியைச் சரிபார்க்கும் வேலை. பழைய செய்தித்தாளைப் பார்த்து எழுதுகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: காலைப் பேப்பரில் இருப்பது பெரும்பாலும் முந்தின நாள் சமாச்சாரம். நேர வித்தியாசமும் உண்டு. ஆம்ஸ்ட்ராங் நிலவில் கால் வைத்தபோது அமெரிக்காவில் 1969 ஜூலை 20 இரவு. மதுரையில் ஜூலை 21 காலை எட்டரை மணி வாக்கில். எந்த ஊர்த் தேதி என்று பக்கத்தில் போட்டுவிடுங்கள். ரஷ்யாவின் அக்டோபர் புரட்சி நவம்பர் 7-இல் வருவதற்குக் காரணம், அப்போது அங்கே ஓடிய பழைய காலண்டர் 13 நாள் பின்தங்கியிருந்ததுதான். அதே நவம்பர் 7 மேரி கியூரிக்கும் சர் சி.வி. ராமனுக்கும் பிறந்தநாள் என்பதால் அறிவியல் சாரும் அன்று சாக்பீஸ் கேட்டு வருவார். நம்மூர்த் திருவிழாக்களை இதில் சேர்க்க முடியாது. அழகர் ஆற்றில் இறங்குவது சித்ரா பௌர்ணமியைப் பொறுத்தது, வருஷத்துக்கு வருஷம் ஆங்கிலத் தேதி மாறும்.

இரண்டு நிகழ்ச்சிகளை வம்படியாக முடிச்சுப் போடவும் வேண்டாம். செப்டம்பர் 22, 1921-இல் காந்தி மதுரை மேலமாசி வீதியில் மேல்சட்டையைத் துறந்து அரையாடைக்கு மாறினார். விஞ்ஞானி ஃபாரடே பிறந்ததும் அதே தேதி, 1791-இல். ஒட்டவில்லையா, காந்தியை மட்டும் எழுதுங்கள். ஒரு வரி எழுதினாலும் பலகை நிறைந்துவிடும்.

லீவு நாளில் வருவதை முன்கூட்டியே எழுதுங்கள். முல்லைப் பெரியாறு அணையைக் கட்டிய பென்னிகுயிக் பிறந்தது 1841 ஜனவரி 15. பொங்கல் லீவில் மாட்டும். மார்ட்டின் லூதர் கிங்குக்கும் அதே நாள்தான், 1929-இல். லீவு விடுகிற அன்று சாயங்காலம் இரண்டையும் எழுதி, மேலே தேதியைப் பெரிதாகப் போட்டுவிட்டுத்தான் பஸ் ஏறுவேன்.