டினோ டி லாரென்டிஸ் சறுக்கிய இடங்கள்: தயாரிப்பாளர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

படத் தயாரிப்பில் இறங்க நினைப்பவர்கள் இத்தாலியத் தயாரிப்பாளர் டினோ டி லாரென்டிஸின் வாழ்க்கையைக் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும். 1919-இல் நேப்பிள்ஸ் பக்கத்தில் ஒரு பாஸ்தா வியாபாரியின் மகனாகப் பிறந்து, சிறு வயதில் அப்பாவின் பாஸ்தாவை ஊர் ஊராக விற்றவர். இன்னொரு இத்தாலியத் தயாரிப்பாளரான கார்லோ போன்டியோடு கூட்டு சேர்ந்து எடுத்த 'லா ஸ்த்ராதா' (1954) ஆஸ்கர் வாங்கியது.

தயாரிப்பாளர் என்றால் பெட்டி நிறையப் பணத்தோடு வருபவர் என்று நினைப்பதுதான் எல்லோரும் செய்யும் முதல் தவறு. டினோ படப்பிடிப்புக்கு முன்பே கதையையும் நடிகர் பெயரையும் காட்டி, ஒவ்வொரு நாட்டு விநியோகஸ்தருக்கும் ஏரியா ஏரியாவாக விற்றுவிடுவார். அந்த ஒப்பந்தங்களை வைத்துத்தான் பணம் திரட்டினார். பாஸ்தா விற்ற கைக்கு அது கஷ்டமாக இருந்திருக்காது.

ஆனால் கட்டடத்தில் காசை முடக்கும் ஆசை அவரை விடவில்லை. 1960-களில் ரோமுக்குத் தெற்கே 'டினோசிட்டா' என்ற பெரிய ஸ்டுடியோவைக் கட்டினார். அரசு உதவிக்கான விதிகள் மாறியதும் அதைத் தாங்க முடியவில்லை. 1970-களில் அமெரிக்கா போனார். அங்கேயும் அதே கதை. வில்மிங்டன் நகரில் ஸ்டுடியோ, கூடவே சொந்த விநியோக நிறுவனம். தயாரிப்பு, ஸ்டுடியோ, விநியோகம் மூன்றும் ஒரே கையில் இருந்தால் படம் ஓடாதபோது அடியும் மூன்று பக்கமும் விழும். வரிசையாகப் படங்கள் படுத்தன. 1988-இல் நிறுவனம் திவால் மனு போட்டது.

இத்தனைக்கும் அதே நிறுவனத்தில் கணக்கு சரியாக அமைந்த படமும் உண்டு. 'ப்ளூ வெல்வெட்' (1986) படத்துக்குச் சம்பளத்தையும் பட்ஜெட்டையும் குறைத்துக்கொண்டால் இறுதி எடிட்டிங் உரிமை உங்களுக்கே என்று இயக்குநர் டேவிட் லிஞ்சிடம் சொன்னார். லிஞ்சும் சம்மதித்தார். செலவு தயாரிப்பாளர் கையில், படம் இயக்குநர் கையில். எனக்கு மிகவும் பிடித்த ஒப்பந்தம் இது.

மனசு வலிக்கும் தவறு உரிமை விஷயத்தில்தான். தாமஸ் ஹாரிஸின் 'ரெட் டிராகன்' நாவலை வாங்கிய டினோ, தனது முந்தைய படமான 'இயர் ஆஃப் தி டிராகன்' (1985) ஓடாததால் அந்தச் சொல்லையே எடுத்துவிட்டு 'மேன்ஹன்டர்' (1986) என்று பெயர் வைத்தார். அதுவும் ஓடவில்லை. அதோடு அந்த நாவலில் வரும் நரமாமிசம் தின்னும் கொலைகார டாக்டரான ஹன்னிபால் லெக்டர் பாத்திரத்தில் அவருக்கு நம்பிக்கை போய்விட்டது. லெக்டர் வரும் ஹாரிஸின் அடுத்த நாவலை வேறொரு நிறுவனம் படமாக்க வந்தபோது, லெக்டர் என்ற பெயரைப் பயன்படுத்த இலவசமாகவே அனுமதி கொடுத்தார். அந்தப் படம்தான் 'தி சைலன்ஸ் ஆஃப் தி லாம்ப்ஸ்'. 1992-இல் சிறந்த படம் உட்பட 5 ஆஸ்கர்.

ஒரு படம் தோற்றால் தோற்றது அந்தப் படம்தான். கதையும் பாத்திரமும் அப்படியே இருக்கின்றன. உரிமையை விட்டுக்கொடுத்தே ஆக வேண்டுமென்றால், லாபத்தில் ஒரு பங்கையாவது எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். டினோ அதற்கடுத்த ஹன்னிபால் நாவலுக்குக் கோடிக்கணக்கில் கொடுத்து 2001-இல் படமாக்கினார். மறு வருடமே பழைய நாவலை மறுபடியும் எடுத்தார். இந்த முறை பெயர் 'ரெட் டிராகன்'.