விருந்துக்கு பிளடி மேரி: தக்காளி வாங்குவதிலிருந்து

வோட்காவுக்கு மணமும் சுவையும் குறைவு. ஆகவே வோட்காவும் தக்காளிச் சாறும் கலந்த பிளடி மேரி என்ற காக்டெயிலில் நாக்குக்குத் தெரிவது தக்காளியும் அதில் ஏறியிருக்கும் உப்பு, புளிப்பு, காரமும்தான். விலை கூடிய வோட்காவை வாங்கிவிட்டு, அட்டைப் பெட்டியில் வரும் தக்காளி ஜூஸை ஊற்றிக் கொடுத்தால் பானம் சப்பென்றுதான் இருக்கும். வோட்கா சுமாரானதாக இருக்கட்டும். சாற்றை வீட்டிலேயே எடுங்கள்.

இந்தப் பானத்தை உண்டாக்கியவர் யார் என்பதில் சச்சரவு உண்டு. அமெரிக்க நகைச்சுவை நடிகர் ஜார்ஜ் ஜெஸல் தன்னுடையது என்றார். பாரிஸின் ஹாரிஸ் நியூயார்க் பாரில் வேலை பார்த்து, 1934 வாக்கில் நியூயார்க்கின் செயின்ட் ரீஜிஸ் ஹோட்டலுக்கு வந்த ஃபெர்னாண்ட் பெட்டியோ, தன்னிடம் வரும்போது அது வெறும் வோட்காவும் தக்காளிச் சாறும்தான், உப்பு, மிளகு, மிளகாய், வூஸ்டர் சாஸ், எலுமிச்சை எல்லாம் தான் சேர்த்தவை என்று 1964இல் சொன்னார். யார் சொல்வது சரியானாலும், இன்று நாம் குடிப்பது பெட்டியோவின் வழியில் வந்ததுதான். அவர் கேட்டது தடித்த தக்காளிச் சாறு என்பதையும் மனதில் வையுங்கள். வீட்டில் செய்பவர்கள் பெரும்பாலும் கோட்டை விடுவது அந்தத் தடிப்பில்தான்.

கீழே உள்ள அளவு 12 பேருக்கு, ஆளுக்கு 2 கிளாஸ், ஆக 24 கிளாஸ். ஒரு கிளாஸுக்கு 120 மி.லி. தக்காளிக் கலவை, 45 மி.லி. வோட்கா, 10 மி.லி. எலுமிச்சைச் சாறு.

நன்கு பழுத்த தக்காளி: 5 கிலோ
வூஸ்டர் சாஸ்: 100 மி.லி.
டபாஸ்கோ அல்லது அதுபோன்ற வினிகர் கலந்த மிளகாய் சாஸ்: 1 டேபிள்ஸ்பூன்
ஹார்ஸ்ராடிஷ் விழுது: 3 டேபிள்ஸ்பூன் (கிடைக்காவிட்டால் கடுகு, கீழே பார்க்கவும்)
உப்பு: 2½ டீஸ்பூன்
செலரி உப்பு: 2 டீஸ்பூன்
கொரகொரப்பாகப் பொடித்த மிளகு: 2 டீஸ்பூன்
எலுமிச்சை: சாறு பிழிய 16, நறுக்கி வைக்க 6
வோட்கா: 750 மி.லி. பாட்டில் 2 (ஒரு பாட்டிலில் 16 கிளாஸ் வரும், மிச்சம் இருக்கும்)
செலரித் தண்டு: 24
ஐஸ்: 5 கிலோ

தக்காளி

நாட்டுத் தக்காளியில் சாறும் புளிப்பும் அதிகம். பெங்களூர்த் தக்காளியில் சதை அதிகம், சாறு குறைவு. 3 கிலோ நாட்டுத் தக்காளியும் 2 கிலோ பெங்களூர்த் தக்காளியும் கலந்தால் புளிப்பும் தடிப்பும் சேர்ந்து கிடைக்கும். காய்வெட்டாக இருந்தால் இரண்டு நாள் வெளியே கூடையில் வைத்துப் பழுக்க விடுங்கள். ஃப்ரிட்ஜுக்குள் போன தக்காளியில் மணம் செத்துவிடும். காம்பு இருந்த இடத்தை மூக்கருகே வைத்துப் பாருங்கள். வாசம் வரவில்லை என்றால் அந்தத் தக்காளி சாம்பாருக்குப் போகட்டும்.

சாறு எடுப்பது

தக்காளியைப் பச்சையாக மிக்ஸியில் அடித்து வடிகட்டினால் அரை மணி நேரத்தில் வெளிறிய தண்ணீர் ஒரு பக்கம், சதை ஒரு பக்கம் என்று பிரிந்து நிற்கும். ரசத்துக்குத் தெளிவு அழகு. இதற்கு அது குறை. தக்காளியின் சதையில் பெக்டின் என்ற பசைப்பொருள் இருக்கிறது. சாற்றைத் திடமாகப் பிடித்து வைப்பது அதுதான். அதே தக்காளிக்குள் பெக்டினைச் சிதைக்கும் நொதிகளும் இருக்கின்றன. கத்தி பட்டு, சதை நசுங்கியவுடன் இரண்டும் சந்தித்து, நொதி வேலையைத் தொடங்கிவிடும். சுமார் 80 டிகிரி செல்சியஸைத் தாண்டிச் சூடேறினால் நொதி அடங்கும். ஆக, நறுக்குவதற்கும் கொதிப்பதற்கும் இடையே உள்ள நேரம் எவ்வளவு குறைகிறதோ, சாறு அவ்வளவு தடிப்பாக நிற்கும்.

ஐந்து கிலோவையும் உட்கார்ந்து நறுக்கிக் குவித்துவிட்டு அடுப்பைப் பற்ற வைப்பது இதனால்தான் தவறு. அகலமான, அடி கனமான எவர்சில்வர் பாத்திரத்தை முதலில் அடுப்பில் ஏற்றுங்கள். அலுமினியம் வேண்டாம், தக்காளியின் புளிப்பு அதைத் தின்று சாற்றில் உலோக வாடையை இறக்கும். பாத்திரம் சூடானதும் நான்கைந்து தக்காளியை மட்டும் நான்காக வெட்டிப் போட்டு, பருப்பு மத்தால் நசுக்குங்கள். தீ நன்றாக எரியட்டும். அது தளதளவென்று கொதிக்கத் தொடங்கிய பிறகு, அடுத்த தக்காளிகளைப் பாத்திரத்துக்கு நேர் மேலேயே வெட்டி, கொதிக்கும் சாற்றிலேயே விழ விடுங்கள். கொதி அடங்கினால் கை நிறுத்தி, மறுபடி கொதி வந்ததும் தொடருங்கள். ஒருவர் வெட்ட, ஒருவர் மசிக்க என்று இருவர் சேர்ந்தால் 20 நிமிட வேலை.

கடைசித் தக்காளி விழுந்த பிறகு 5 நிமிடம் கொதித்தால் போதும். 20 நிமிடம் விட்டால் பழத்தின் வாசம் போய், தொக்கு வாசம் வந்துவிடும். அந்தச் சாற்றில் எத்தனை எலுமிச்சை பிழிந்தாலும் புத்துணர்ச்சி திரும்பாது.

சூட்டோடேயே சல்லடையில் கொட்டி, கரண்டியின் அடிப்பக்கத்தால் தேய்த்து வடிகட்டுங்கள். விதையைச் சுற்றியுள்ள வழுவழுப்பான பகுதியைப் பலர் முதலிலேயே வழித்து எறிந்துவிடுகிறார்கள். தக்காளியின் ருசியைத் தூக்கிக் கொடுக்கும் குளூட்டமேட் சதையைவிட அங்கேதான் அதிகம். அது முழுவதும் சல்லடையில் இறங்க வேண்டும். கடைசியில் உலர்ந்த தோலும் விதையும் மட்டும் மேலே நிற்கும். மிக்ஸியில் அரைத்து வடிகட்டலாமே என்று தோன்றும். விதை அரைபட்டால் கசக்கும். காற்று புகுந்து சாறு வெளிர் ரோஸ் நிறமாகி நுரை கட்டும்.

கிலோவுக்கு 600 முதல் 700 மி.லி. சாறு வரும். 5 கிலோவில் 3 லிட்டருக்குக் குறையாது. பாத்திரத்தை ஐஸ் தண்ணீரில் உட்கார வைத்துக் கிளறி ஆற்றி, உடனே ஃப்ரிட்ஜில் வையுங்கள். விருந்துக்கு முதல் நாள் மாலை இந்த வேலையை முடிப்பது நல்லது.

ஒரு ஸ்பூன் சாற்றைத் தட்டில் ஊற்றிச் சாய்த்துப் பாருங்கள். மெல்லிய படலமாகத் தட்டில் ஒட்டி இறங்கினால் சரி. தண்ணீராக ஓடினால், அதில் ஒரு லிட்டரை மட்டும் தனியே பாதியாகச் சுண்ட வைத்து மீதியோடு கலக்கலாம். அல்லது லிட்டருக்கு 2 டேபிள்ஸ்பூன் தக்காளி பேஸ்ட் சேர்க்கலாம். கெட்சப் மட்டும் கூடாது. அதன் சர்க்கரையும் கிராம்பு வாசமும் பானத்தைக் கெடுக்கும். புளிப்பு பல்லைக் கூச வைத்தால் லிட்டருக்கு அரை டீஸ்பூன் சர்க்கரை போதும். இனிப்பு தனியாகத் தெரியக் கூடாது.

காரமும் வாசமும்

வூஸ்டர் சாஸ் இங்கிலாந்தின் வூஸ்டர் நகரில் பிறந்தது. அதில் வினிகர், வெல்லப்பாகு, நெத்திலி இவற்றோடு நம் புளியும் இருக்கிறது. தக்காளியோடு அது இவ்வளவு இணங்கிப் போவதில் நமக்கு ஆச்சரியம் இல்லை. ஆனால் நெத்திலி இருப்பதால் சைவம் சாப்பிடுபவர்களுக்கும், மீன் ஒவ்வாதவர்களுக்கும் ஆகாது. விருந்துக்கு அப்படி ஒருவர் வந்தாலும் மொத்தக் கலவையையும் சைவமாகச் செய்துவிடுவது உத்தமம். அதற்கு 40 மி.லி. சோயா சாஸ், 40 மி.லி. கெட்டியான புளிக்கரைசல், 1 டேபிள்ஸ்பூன் வெல்லப்பாகு, 1 டேபிள்ஸ்பூன் வினிகர் கலந்து, வூஸ்டர் சாஸுக்குப் பதிலாக ஊற்றுங்கள். சோயாவில் உப்பு மிக அதிகம் என்பதால் மேலே சொன்ன 2½ டீஸ்பூன் உப்பை 1 டீஸ்பூனாகக் குறைத்தே தொடங்குங்கள்.

ஹார்ஸ்ராடிஷ் ஒரு கிழங்கு. அதன் காரம் நாக்கில் நிற்காமல் மூக்குக்கு ஏறும். நம் ஊரில் எளிதில் கிடைக்காது. அந்த ஏற்றத்தைத் தரும் அதே பொருள் கருங்கடுகிலும் உண்டு. 2 டேபிள்ஸ்பூன் கடுகை வறுக்காமல் பொடித்து, 3 டேபிள்ஸ்பூன் குளிர்ந்த தண்ணீரில் குழைத்து 10 நிமிடம் மூடி வையுங்கள். கடுகு நொறுங்கித் தண்ணீர் பட்ட பிறகுதான் காரம் உண்டாகும். வெந்நீர் ஊற்றினாலோ, வினிகரை முதலிலேயே சேர்த்தாலோ அது உண்டாகாமலே போகும், கசப்புதான் மிஞ்சும். 10 நிமிடம் கழித்து மூடியைத் திறந்து முகர்ந்தால் கண்ணில் நீர் கட்ட வேண்டும். அப்போது 1 டேபிள்ஸ்பூன் வினிகரும் ஒரு சிட்டிகை உப்பும் சேர்த்தால் காரம் அந்த இடத்திலேயே நிற்கும். இந்த விழுதில் 1 டேபிள்ஸ்பூனில் தொடங்கி, ருசி பார்த்துக் கூட்டுங்கள்.

செலரி உப்பு கடையில் கிடைக்காவிட்டால், செலரி இலையைத் தவாவில் மிகச் சிறு தீயில் பச்சை மாறாமல் மொறுமொறுப்பாக உலர்த்தி, நொறுக்கி, சம அளவு உப்போடு சேர்த்துப் பொடியுங்கள். செலரிக்குப் பதில் ஓமம் போடலாமா என்று கேட்பவர்கள் உண்டு. வேண்டாம், ஓமவாட்டர் வாசம் வந்துவிடும். பச்சை வெங்காயமும் பூண்டும்கூட வேண்டாம். இரவு முழுக்க ஊறினால் அவற்றின் வாடை எல்லாவற்றையும் அமுக்கிவிடும்.

குளிர்ந்த சாற்றில் எலுமிச்சையும் வோட்காவும் தவிர சாஸ், விழுது, உப்பு, மிளகு எல்லாவற்றையும் கலந்து, ஒரு இரவு ஃப்ரிட்ஜில் வையுங்கள். மிளகும் மிளகாயும் மறுநாள் ஒரு படி கூடித் தெரியும். அதனால் முதல் நாள் காரத்தைக் கொஞ்சம் குறைவாகவே நிறுத்துங்கள். எலுமிச்சைச் சாறு பிழிந்து சில மணி நேரத்தில் வாசம் மாறும் பொருள். விருந்தன்று, விருந்தினர் வருவதற்குச் சற்று முன் பிழிந்து தனியே வையுங்கள்.

ருசி பார்ப்பது

கலவையை ஸ்பூனில் எடுத்து நக்கிப் பார்த்துவிட்டு உப்பு சரி என்று முடிவு செய்யாதீர்கள். கிளாஸில் அது வோட்காவோடும் உருகும் ஐஸோடும் சேர்ந்து நீர்க்கும். குளிர்ச்சியில் சுவையும் மங்கும். 60 மி.லி. கலவை, 22 மி.லி. வோட்கா, 5 மி.லி. எலுமிச்சைச் சாறு, இரண்டு ஐஸ் கட்டி போட்டு, இரண்டு நிமிடம் கழித்துக் குடித்துப் பாருங்கள். வெறும் கலவை ஒரு கல் உப்பு தூக்கலாக இருந்தால்தான் கிளாஸில் சரியாக வரும். குறை என்ன என்று பிடிபடாமல் மந்தமாக இருந்தால் பெரும்பாலும் எலுமிச்சைதான் போதவில்லை.

கிளாஸில்

300 மி.லி.க்குக் குறையாத உயரமான கிளாஸ் வேண்டும். விளிம்பில் உப்பு தடவுவதென்றால் எலுமிச்சைத் துண்டால் பாதி வட்டம் மட்டும் ஈரமாக்கி, செலரி உப்பும் கொஞ்சம் மிளகாய்த்தூளும் கலந்த தட்டில் ஒற்றி எடுங்கள். பிடிக்காதவர் மறுபக்கத்தில் குடிக்கலாம்.

இதை ஷேக்கரில் போட்டுக் குலுக்குவதை இன்று பலர் தவிர்க்கிறார்கள். பெட்டியோ குலுக்கித்தான் வடிகட்டினார் என்றாலும், குலுக்கினால் தக்காளி நுரைத்து, ஐஸ் நொறுங்கி, பாடுபட்டுச் சேர்த்த தடிப்பு போய்விடும். நமக்குக் கைவந்த வித்தை ஒன்று இதற்குச் சரியாகப் பொருந்தும்: டீ ஆற்றுவது. ஐஸ் நிறைத்த டம்ளரில் வோட்கா, எலுமிச்சை, கலவை மூன்றையும் ஊற்றி, இன்னொரு டம்ளருக்கும் இதற்குமாக நான்கைந்து முறை மாற்றுங்கள். கை உயரம் ஒரு சாணைத் தாண்ட வேண்டாம், நுரை வரக் கூடாது. பிறகு புது ஐஸ் போட்ட கிளாஸில் வடித்து ஊற்றுங்கள். ஐஸ் பெரிய கட்டியாக இருக்கட்டும். தூள் ஐஸ் ஐந்து நிமிடத்தில் தண்ணீராகிவிடும்.

செலரித் தண்டை இலையோடு சொருகுங்கள், அதுவே கலக்கும் குச்சி. ஒரு எலுமிச்சைத் துண்டு, விருப்பமானால் ஊறுகாய் வெள்ளரி அல்லது ஆலிவ். இறால் வறுவல், சீஸ், பர்கர் என்று கிளாஸ் மேல் கோபுரம் கட்டுவது படத்துக்கு நன்றாக இருக்கும். குடிப்பவர் மூக்குக்குச் செலரி வாசம் வராமல் மறைத்துவிடும்.

மேசையில்

ஜக்கில் கலவையை மட்டும் வையுங்கள், வோட்கா தனி. மொத்தமாகக் கலந்து வைத்தால் குடிக்காதவர்களுக்குக் கொடுக்க ஒன்றும் இருக்காது, யார் எவ்வளவு குடித்தார்கள் என்ற கணக்கும் தெரியாது. ஜக்கில் ஐஸ் போடாதீர்கள். ஜக்கைக் குளிர வைக்க வேண்டுமானால், முதல் நாள் எடுத்த சாற்றில் கொஞ்சத்தை ஐஸ் தட்டில் உறைய வைத்து அந்தக் கட்டிகளைப் போடலாம், உருகினாலும் நீர்க்காது. ஒவ்வொரு முறை ஊற்றும் முன்பும் நீளக் கரண்டியால் அடி வரை கிளறுங்கள், மிளகு அடியில் தங்கும்.

வோட்கா இல்லாமல் கொடுப்பதற்கு வர்ஜின் மேரி என்று பெயர். வோட்காவை விட்டுவிட்டால் மட்டும் அது தயாராகிவிடாது. தொண்டையில் வோட்கா தரும் சுறுசுறுப்பு போய் வெறும் தக்காளி சூப் போல ஆகிவிடும். எலுமிச்சையை 15 மி.லி. ஆக்கி, கடுகு விழுது கால் டீஸ்பூனும் ஒரு டீஸ்பூன் இஞ்சிச் சாறும் சேருங்கள். வோட்காவுக்குப் பதில் ஜின் ஊற்றினால் ரெட் ஸ்னாப்பர், டெக்கீலா ஊற்றினால் பிளடி மரியா. கனடாவில் 1969இல் கால்கரி நகரில் வால்டர் செல் உருவாக்கிய சீசர் என்ற பானத்தில் மட்டிச் சாறும் சேரும்.

எலுமிச்சையும் வோட்காவும் சேராத கலவை ஃப்ரிட்ஜில் மூடிய பாட்டிலில் மூன்று நாள் தாங்கும். மேசையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் நின்ற ஜக்கில் மிஞ்சியதைத் திரும்ப எடுத்து வைக்காதீர்கள். அதனால் ஒரே ஜக்கில் மூன்று லிட்டரையும் கொட்டாமல், ஒரு லிட்டர் ஒரு லிட்டராக ஃப்ரிட்ஜிலிருந்து வெளியே எடுங்கள்.