பழைய பட்டாவுக்குப் புது வழக்கா? கிஸ்து (நிலவரி) ரசீதைத் தேடுங்கள்

1980களில் யுடிஆரில் (தமிழ்நாட்டில் நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த திட்டம்) ஏறிய பட்டா தவறு என்று இப்போது யாராவது நோட்டீஸ் அனுப்பினால் பதறாதீர்கள். 1963 காலவரையறைச் சட்டப்படி, உரிமை தனக்கே என்று நீதிமன்றம் அறிவிக்கக் கேட்கும் (விளம்புகை) வழக்குக்கு 3 ஆண்டு; வழக்கிடும் உரிமை முதலில் எழுந்த நாளிலிருந்து கணக்கு. உரிமையின் பேரில் சுவாதீனம் கேட்டால் 12 ஆண்டு, ஆனால் அது உங்கள் அனுபவம் அவருக்கு எதிரிடையான (அவர் உரிமையை மறுக்கும் அனுபவமான) நாளிலிருந்து ஓடும். வழக்குப் போடுபவர் பங்காளி என்றால் இது சிக்கல். ஒருவர் அனுபவம் எல்லோருக்குமானதாகவே பார்க்கப்படும்.

பட்டா மட்டும் உரிமையை நிரூபிக்காது. மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று, அடங்கல் (கிராமக் கணக்கில் உள்ள சாகுபடிப் பதிவு) நகல், அப்புறம் டிரங்குப் பெட்டியில் கிடக்கும் கிஸ்து ரசீதுகள் (கரையான் மிச்சம் வைத்திருந்தால்) எல்லாவற்றையும் ஆண்டுவாரியாக அடுக்கி வக்கீலிடம் கொடுங்கள். காலம் கடந்ததை எதிர்வழக்குரையிலேயே (வழக்குக்கு நீங்கள் தாக்கல் செய்யும் பதிலில்) எழுதச் சொல்லுங்கள்.