சிற்பியைப் படமெடுக்கும்போது உளியைத் தேடாதீர்கள்

பொருளைவிடக் கருத்தையே படைப்பின் மையமாகக் கொள்ளும் சமகாலக் கருத்துருச் சிற்பி ஒருவரைப் பற்றி ஆவணப்படம் எடுக்க வரும் சென்னை இளைஞர்கள் பலர் முதல் நாளிலேயே செய்துவிடும் தவறு, அவருடைய கைகளை அண்மைக் காட்சியில் தேடுவதுதான். மாமல்லபுரத்துக் கல் பட்டறையில் உளியோசையும் பறக்கும் தூசியும் வேலையின் உயிரையே காட்டிவிடும். கருத்துருக் கலையிலோ வேலையின் பெரும்பகுதி பொருளைத் தொடுவதற்கு முன்பே நடந்து முடிந்திருக்கும். திட்டமும் முடிவுகளும் முன்னரே அமைந்துவிடுவதால் செய்து முடிப்பது பெயரளவுக்கானதே என்று அமெரிக்கக் கலைஞர் சோல் லெவிட் 1967இல் எழுதினார். ஆகவே, அம்பத்தூர்ப் பட்டறையில் வெல்டர் வளைத்துக் கொடுத்த தகட்டைச் சிற்பி ஏன் வேண்டாமென்றார், எந்த வரைபடத்தை அடித்துவிட்டு மீண்டும் வரைந்தார் என்பவற்றைக் கேமரா காத்திருந்து பிடிக்க வேண்டும். அந்த வெல்டரைச் சட்டகத்துக்கு வெளியே நிறுத்திவிட்டுச் சிற்பி தனியாகவே எல்லாம் செய்ததுபோல் காட்டுவது, என் பார்வையில், பொய். வெல்டரின் பெயரும் படத்தின் முடிவில் வர வேண்டும்.

“இதற்கு என்ன அர்த்தம்?” என்று கேட்டால் மனப்பாடம் செய்த பதில்தான் வரும். ஏன் இந்த அளவு, ஏன் இரும்பு, எதைக் கைவிட்டீர்கள் என்று கேளுங்கள். படைப்பைத் துண்டுதுண்டாகக் காட்டுவதும் தவறே: அமெரிக்கக் கருத்துருக் கலைஞர் ஜோசப் கோசுத் 1965இல் ஒரு நாற்காலி, அதன் புகைப்படம், அகராதியில் அச்சொல்லுக்குள்ள விளக்கம் ஆகிய மூன்றையும் ஒன்றாக வைத்தார், நாற்காலியை மட்டும் அழகாகப் படமெடுத்தால் அந்தப் படைப்பே பதிவாகவில்லை.

தமிழ்ச் சிற்பி என்றாலே சோழர் காலச் செப்புத் திருமேனியில் படத்தைத் தொடங்குவது சோம்பலான பழக்கம். வேரைக் காட்டித்தான் ஆக வேண்டுமென்றால், கே.சி.எஸ். பணிக்கரும் உடனிருந்த ஓவியர்களும் சிற்பிகளும் 1966இல் ஈஞ்சம்பாக்கத்தில் உருவாக்கிய சோழமண்டலம் கலைஞர் கிராமம், கைவினைப் பொருள்களை விற்று அவர்கள் தம் கலையைக் காத்துக்கொண்ட இடம், இன்னும் நெருக்கமானது. அதுவும் சிற்பி தாமாக அதைச் சொன்னால் மட்டுமே.

நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் டியூப் லைட் நொடிக்கு 100 முறை மினுங்குகிறது. ஷட்டரை 1/50 அல்லது 1/100 நொடியில் வைக்காமல் 1/60இல் விட்டுவிட்டால் காட்சிக்கூடத்தின் வெள்ளைச் சுவர் துடிக்கும். பேட்டியின்போது மின்விசிறியை நிறுத்துங்கள். கோடையில் அதற்காகவே காலை ஏழு மணிக்குத் தொடங்கலாம்.

இறுதியாக அனுமதி. மெரினாவின் உழைப்பாளர் சிலைபோலப் பொது இடத்தில் நிரந்தரமாக நிற்கும் சிற்பத்தைப் படத்தில் சேர்க்க 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் இடம் தருகிறது. சிற்பியின் பட்டறையில் இருக்கும் படைப்புகளுக்கு, படப்பிடிப்புக்கு முன்பே எழுத்தில் ஒப்புதல் பெறுங்கள்.