சீஸும் பச்சை இலைகளும் சேர்த்து மெத்தென்று ஒரு முட்டைக் கிளறல்

சாதத்துக்குத் தொட்டுக்கொள்ளும் முட்டைப் பொரியலை எண்ணெய் காய்ந்ததும் ஊற்றி, உதிரி உதிரியாக வரும்வரை கிளறுவோம். அதற்கு அதுதான் சரி. ஆனால் டோஸ்ட் செய்த பிரெட் மேல் போட்டுச் சாப்பிட, சீஸ் உருகி, இலை வாசனையோடு மெத்தென்று வேண்டும் என்றால் தீயைக் குறைக்க வேண்டும், இன்னும் வேகவில்லையே என்று தோன்றும்போதே இறக்கிவிட வேண்டும். வெள்ளைக்கரு 60 டிகிரி செல்சியஸைத் தாண்டியதுமே இறுக ஆரம்பித்துவிடும், 70-க்குள் மஞ்சள் கருவும் கெட்டியாகிவிடும். அதற்கு மேல் சூடு ஏறினால் முட்டை சுருங்கித் தன்னிடமுள்ள தண்ணீரை வெளியே விடும். தட்டில் முட்டையைச் சுற்றித் தண்ணீர் தேங்குவது அதனால்தான்.

இரண்டு பேருக்கு நான்கு முட்டை, ஒரு மேசைக்கரண்டி வெண்ணெய், துருவிய சீஸ் அரைக் கைப்பிடி, நறுக்கிய இலை இரண்டு மேசைக்கரண்டி போதும். முட்டையை உடைத்து உப்புப் போட்டு, வெள்ளையும் மஞ்சளும் தனித்தனியாகத் தெரியாமல் கலக்கும்வரை முள்கரண்டியால் அடித்து, பத்துப் பதினைந்து நிமிடம் அப்படியே வையுங்கள். முன்கூட்டியே உப்புப் போட்டால் முட்டை இன்னும் மிருதுவாக வரும். பால் வேண்டாம், ருசியை நீர்க்கச் செய்துவிடும்.

இந்த இடைவெளியில் இலையைக் கவனியுங்கள். பிரான்சில் பார்ஸ்லி, சைவ்ஸ், டாரகன், செர்வில் நான்கையும் பொடியாக நறுக்கி முட்டைக்குப் போடுவார்கள். கிடைத்தால் வாங்குங்கள், இல்லாவிட்டால் வெங்காயத்தாளின் பச்சைப் பகுதியும் கொத்தமல்லியும் அருமையாகப் பொருந்தும். புதினாவை மட்டும் நாலு இலையோடு நிறுத்துங்கள், மற்ற வாசனையை எல்லாம் அடித்துவிடும். கழுவிய இலையைத் துணியில் ஒற்றி ஈரம் போன பிறகே நறுக்க வேண்டும், அதுவும் கூர்மையான கத்தியால், மழுங்கின கத்தி இலையை நசுக்கிக் கறுக்க வைத்துவிடும். தைம், ரோஸ்மேரி, பாக்கெட் ஆரிகானோ மாதிரி தடித்த இலையும் காய்ந்த இலையும் என்றால் ஆரம்பத்திலேயே வெண்ணெயில் போடுங்கள், அவற்றின் வாசனை இறங்க நேரம் பிடிக்கும்.

சீஸில் செடார் நன்றாக இருக்கும், அமுல் க்யூபும் சீராக உருகும், ஆனால் அதில் உப்பு அதிகம் என்பதால் முட்டையில் உப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள். மொசரெல்லா நூல் நூலாக இழுக்கும், பனீர் உருகவே உருகாது. கட்டியாக வாங்கி அப்போதே துருவுவது நல்லது, துருவியே விற்கும் சீஸில் ஒட்டாமலிருக்க மாவு தூவியிருப்பார்கள்.

முட்டையை அடுப்பில் வைப்பதற்கு முன்பே பிரெட் தயாராக இருக்கட்டும், ஏனென்றால் இது ஆறினால் நன்றாக இருக்காது. நான்ஸ்டிக் கடாயில் வெண்ணெயைச் சிறு தீயில் உருக்குங்கள். சடசடவென்று சத்தம் வந்தால் சூடு அதிகம் என்று அர்த்தம். முட்டையை ஊற்றி, அரை நிமிடம் விட்டு, மரக்கரண்டியால் ஓரத்திலிருந்து நடுவுக்கு மெதுவாகத் தள்ளிக்கொண்டே இருங்கள். முதலில் ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும், தீயைக் கூட்டாதீர்கள். திடீரென்று அடியில் மெல்லிய மடிப்பு மடிப்பாகத் திரள ஆரம்பிக்கும், அதற்கப்புறம் எல்லாம் வேகமாக நடக்கும். அந்த நேரத்தில் செல்போனை எடுக்கவே கூடாது.

முக்கால்வாசி திரண்டு மேலே இன்னும் பளபளவென்று ஈரம் தெரியும்போது அடுப்பை அணைத்துக் கடாயை இறக்கி, சீஸைத் தூவி இரண்டு முறை புரட்டுங்கள். உப்புமாவைக் கொஞ்சம் தளர இறக்குவோமே, அதே கணக்குதான், மீதியைக் கடாயின் சூடே பார்த்துக்கொள்ளும். கடைசியில் இலையும் மிளகுத்தூளும். இலையை முதலிலேயே போட்டால் பச்சை நிறமும் வாசனையும் போய்விடும்.

கர்ப்பிணிகளுக்கும் சின்னக் குழந்தைகளுக்கும் கொடுப்பதானால் ஈரம் இல்லாமல் முழுக்க வேகவிட்டு, அதன் பிறகு சீஸ் சேருங்கள்.