பழைய ரீலை ஆவணப்படத்துக்குக் கொடுக்கும் முன்

உங்கள் வீட்டு சூப்பர் 8 (8 மி.மீ. அகல ஃபிலிம்) ரீலையோ கல்யாண கேசட்டையோ ஆவணப்படக் குழு கேட்டால், ஆசையில் உடனே ஓட்டிப் பார்த்துவிடாதீர்கள்.

ரீல் டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடித்தால் அசிட்டேட் என்ற பிளாஸ்டிக் வகையிலான ஃபிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். சுருங்கிப்போன ஃபிலிமின் ஓரத்துளைகள் புரொஜெக்டர் பல்லுக்கு ஒத்துவராமல் கிழியும். அந்த ஆவி பக்கத்து ரீல்களையும் கெடுக்கும், தனியே வையுங்கள். விஎச்எஸ் கேசட்டை வெளிச்சத்தில் சாய்த்து, கேசட்டின் மேலுள்ள சிறு சன்னல் வழியே சுருளின் விளிம்பைப் பாருங்கள். வெள்ளைப் பொடி தெரிந்தால் பூஞ்சை. பிளேயரில் போட்டால் நாடாவைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டிக்கொண்டு அடுத்த கேசட்டுக்கும் தொற்றும்.

சூப்பர் 8-இன் 50 அடி ரீல், நொடிக்கு 18 பிரேம் வேகத்தில் 3 நிமிடம் 20 நொடி ஓடும். பிரேம் பிரேமாக ஸ்கேன் செய்யும் இடத்தில் கொடுங்கள். சுவரில் ஓட்டி செல்போனில் பிடித்தால் மினுக்கல் வரும். அதைப் பிறகு நீக்குவது பெரும்பாடு. கேசட் படம் 4:3 அளவிலேயே இருக்கட்டும், அகலத் திரைக்காக இழுத்தால் எல்லோரும் குண்டாகத் தெரிவார்கள். கோப்பை ஹார்ட் டிஸ்கில் கொடுங்கள். வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் தரம் போய்விடும்.

எடிட்டருக்குப் படத்தைவிடப் பெரிய உதவி உங்கள் குறிப்புத்தாள்தான். '02:12 முதல் 02:40 வரை, மதுரை, எதிர்சேவை, உத்தேசமாக 1974, குடை பிடித்திருப்பவர் தாத்தா' என்ற அளவுக்கு எழுதுங்கள். ஆண்டு தெரியாவிட்டால் சட்டகத்தின் ஓரத்தைத் துழாவுங்கள். சுவரில் சினிமா போஸ்டர் இருந்தால், அந்தப் படம் வெளியான காலம் துப்புக் கொடுக்கும். வண்டி எண் 'டிஎன் 01' போல டிஎன்னை அடுத்து இலக்கத்தோடு தொடங்கினால் 1989-க்கு முந்தையதாக இருக்காது. ஊகத்தை ஊகம் என்றே எழுதுங்கள். உறுதியானதுபோல் எழுதிய தவறான ஆண்டு திரையில் வரலாறாகிவிடும்.

இனி உரிமை. காசு கொடுத்து எடுக்கச் சொன்ன கல்யாண வீடியோவுக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாதவரை, எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர் என்கிறது இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு. மறைந்த சித்தப்பா தன் கேமராவில் எடுத்ததென்றால் அவருடைய வாரிசுகள் எல்லோரிடமும் கையெழுத்து வாங்க வேண்டும். பின்னணியில் ஓடும் சினிமாப் பாட்டுக்கு உரிமை தனி. அதைத் தயாரிப்பாளரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

பதிப்புரிமையை எழுதிக் கொடுக்காதீர்கள், பயன்படுத்தும் அனுமதி போதும். 'தனியுரிமை அற்ற, இந்த ஒரு படத்துக்கும் அதன் டிரெய்லருக்கும் மட்டும், வேறெவருக்கும் கைமாற்றக்கூடாது' என்று எழுதச் சொல்லுங்கள். 'தனியுரிமை அற்ற' என்றால், அதே காட்சியை நீங்கள் பிறருக்கும் கொடுக்கலாம் என்று பொருள். காலமும் எல்லையும் குறிப்பிடாவிட்டால் சட்டப்படி 5 ஆண்டு, இந்தியா மட்டும் என்றாகும். அது விழாக்களுக்கு அனுப்பும் படத்துக்குப் போதாது, ஆகவே இரண்டையும் பேசி முடிவுசெய்யுங்கள். கட்டணம் நொடிக்கா, மொத்தமாகவா என்பதும், டைட்டிலில் உங்கள் பெயரின் எழுத்துகளும் அதே தாளில் இருக்கட்டும். சாவு வீடு, குளிக்கும் குழந்தைகள் போன்ற காட்சிகளைக் கொடுக்கும்முன்பே நேரக்குறிப்போடு விலக்கிவிடுங்கள்.

மூல ரீலை அவர்களே ஸ்கேன் செய்வதாகச் சொன்னால், எண்ணிக்கையும் திருப்பித் தரும் தேதியும் எழுதிய ரசீது வாங்கிக்கொண்டு, டப்பாக்களை வரிசை எண்ணோடு புகைப்படம் எடுத்த பிறகே அனுப்புங்கள்.