"இதுதான் ரூல்ஸ்" என்றால், ரூல்ஸின் நகலைக் கேட்டு வாங்குவது எப்படி?

"நீல மையில எழுதிட்டு வாங்க" என்று படிவம் கவுன்ட்டரிலிருந்து திரும்பி வருகிறது. முன்னால் நின்றவர் மறுபேச்சில்லாமல் பேனா வாங்கக் கடைக்குப் போகிறார். அவரைப் பார்த்துப் பின்னால் நிற்பவர்களும் போகிறார்கள். யாருமே கேட்காததால்தான் அது விதியாகிவிடுகிறது. உண்மையான விதி என்றால் எங்காவது எழுத்தில் இருந்தாக வேண்டும். அந்தத் தாளைக் கேளுங்கள்.

முதலில் கவுன்ட்டரிலேயே, குரலை உயர்த்தாமல், பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு: "சார், இது எந்த ஜி.ஓ.ல இருக்கு? நம்பர் சொன்னீங்கன்னா குறிச்சுக்கிறேன்." (ஜி.ஓ. என்றால் அரசாணை.) சில சமயம் படிவம் அங்கேயே உள்ளே போய்விடும். போகவில்லை, வேலையும் அவசரம் என்றால் சொன்னபடியே எழுதிக் கொடுத்துவிடுங்கள். சான்றிதழ் தாமதமானால் நட்டம் உங்களுக்குத்தான். விதியைப் பிறகு விசாரிக்கலாம்.

அதற்கு வழி, தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005. வெள்ளைத் தாளில், அந்த அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு, பிரிவு 6(1)இன் கீழ் என்று குறிப்பிட்டு எழுதுங்கள். தமிழக அரசு அலுவலகம் என்றால் 10 ரூபாய்க்கு கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினால் போதும். ரெவின்யூ ஸ்டாம்ப் வேறு, இது வேறு, மாற்றி ஒட்டிவிடாதீர்கள். எதற்காகக் கேட்கிறீர்கள் என்று சொல்லத் தேவையில்லை, பிரிவு 6(2).

பெரும்பாலான மனுக்கள் சறுக்குவது கேள்வியில்தான். "ஏன் நீல மை?" என்று கேட்டால், விளக்கம் தருவது எங்கள் வேலையல்ல என்று திருப்பிவிடுவார்கள். கைவசம் உள்ள ஆவணத்தை மட்டுமே அவர்கள் தர வேண்டும். ஆகவே இப்படி எழுதுங்கள்:

"விண்ணப்பங்களை நீல மையில் மட்டுமே நிரப்ப வேண்டும் எனக் கூறும் அரசாணை அல்லது சுற்றறிக்கையின் எண், நாள், நகல் தருக. அவ்வாறு ஆவணம் ஏதும் இல்லையெனில், இல்லை எனத் தெரிவிக்கவும்."

இரண்டாம் வாக்கியத்தை விட்டுவிடாதீர்கள், பிடியே அதில்தான் இருக்கிறது. ஒரு மனுவில் ஒரு விதியை மட்டும் கேளுங்கள்.

ஒப்புகையுடன் தபாலில் அனுப்பி, தேதியைக் குறித்து வையுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் அதே துறையின் மேல் அலுவலரிடம் முதல் மேல்முறையீடு, பிரிவு 19(1). அங்கும் நடக்காவிட்டால் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம்.

"அத்தகைய ஆணை ஏதுமில்லை" என்று பதில் வந்தால் நான்கைந்து ஜெராக்ஸ் எடுத்துக்கொள்ளுங்கள். அடுத்த முறை படிவத்தோடு ஒன்றை வைத்து நீட்டுங்கள். வரிசையில் பின்னால் நிற்பவருக்கும் ஒன்று கொடுங்கள்.